கேட்காமல் சொன்ன ‘சரி’

ஜூன் 12

இருபது வருடம் கரை வயர்லெஸ் நிலையத்தின் பதிவேட்டில் எழுதினேன். எந்தப் படகு கூப்பிட்டது, எந்தத் திசையில் நிற்கிறது, என்ன காற்று, நாங்கள் என்ன பதில் சொன்னோம். அதில் ‘நான்’ என்ற சொல்லுக்கு இடம் கிடையாது. ஓய்வு பெற்ற பிறகு இன்றுதான் பேனாவை எடுக்கிறேன். எழுதிப் பார்க்கிறேன்: நான். நான் மெற்றில்டா. கடலுக்குப் போன படகுகளோடு கரையில் உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்தவள். போன மாதக் கடைசியோடு அது முடிந்தது.

காலையில் சாளை மீன் வாங்கப் போனேன். என் வீட்டுக்காரர் கஸ்பாருக்கு முட்டி வலி, அவரால் மணலில் நடக்க முடியாது. மீன்காரி விலையை வாய்க்குள்ளேயே சொன்னாள். இப்போதெல்லாம் யாரும் தெளிவாகப் பேசுவதில்லை. ஐந்நூறு ரூபாய்த் தாளை நீட்டினேன், மீதியை அவளே கொடுத்தாள். இது நல்ல வழி.

மதியம் தூங்கினேன். ஜன்னலைத் திறந்துவைத்துப் படுத்தால் ஒரு இரைச்சல் வந்து என்னை மூடுகிறது. யாரும் பேசாதபோது வயர்லெஸ் செட்டில் வருமே, அதே இரைச்சல். கடலாகத்தான் இருக்கும்.

ஜூன் 13

மழை வரும் போலிருந்தது. வரவில்லை.

ஜூன் 15

ஜெபமணி போன் செய்தான். நிலையத்தில் என்னிடம் வேலை கற்றுக்கொண்டவன், இப்போது தலைமை அலுவலகத்தில் கணக்குப் பிரிவுக் கண்காணிப்பாளர். கஸ்பார் கோயிலுக்குப் போயிருந்தார், அதனால் நானே எடுத்தேன். ஓய்வெல்லாம் எப்படி இருக்கிறது என்று விசாரித்திருப்பான். பாசக்காரப் பையன். நாலு வார்த்தை நல்லவிதமாகப் பேசி வைத்தேன்.

அடுப்பில் பால் பொங்கி வழிந்துவிட்டது.

ஜூன் 27

பணிக்கொடைக்கான உத்தரவு வந்தது. கஸ்பார்தான் கவரைப் பிரித்தார். முதலில் முகம் மலர்ந்தது, இரண்டாம் பக்கத்துக்குப் போனதும் சுருங்கியது. என் எதிரே வந்து உட்கார்ந்து தாளைத் தட்டிக் காட்டினார்.

“ஏட்டி, இது என்ன கூத்து? உனக்குச் சம்பளம் கூடுதலா குடுத்துட்டோம், அதனால பணிக்கொடையில புடிச்சுக்கிடுதோம்னுல்லா எழுதியிருக்கான்.”

“நானா கேட்டேன்? அவங்களா குடுத்தாவ.”

“அதத்தான் சொல்லுதேன். இருவது வருசம் முன்னால டெலிபோன் ஆபரேட்டரா இருந்த உன்னை வயர்லெஸ்ஸுக்கு மாத்துனாம்லா? அப்ப சம்பளத்தைத் தப்பா நிர்ணயம் பண்ணிட்டாங்களாம். அத இப்பத்தான் தணிக்கையில கண்டுபிடிச்சாங்களாம்.”

பாதிக்கு மேல் போகிறது. அவருடைய முட்டி அறுவை சிகிச்சைக்கு என்று நாங்கள் மனதில் எடுத்துவைத்திருந்தது அது.  அவர் வாசலில் போய் நின்றுகொண்டார். நான் சோற்றை வடித்தேன்.

எத்தனையோ மாதச் சம்பளத்தை வாங்கி, அரிசியாகவும் மகள் ரெஜினாவின் படிப்பாகவும் மாற்றிவிட்டேன். இப்போது வந்து அதில் கொஞ்சம் உன்னுடையது இல்லை என்கிறார்கள். எந்தக் கொஞ்சம்? எந்த நாளின் சோறு?

ஜூலை 2

தூக்கத்தில் யாரோ கூப்பிட்டது போலிருந்தது. விழித்துப் பார்த்தால் கஸ்பார் கட்டிலருகே நின்று சிரித்துக்கொண்டிருக்கிறார். காபி.

இவர் இப்போது ஒரு புதுப் பழக்கம் வைத்திருக்கிறார். அறைக்குள் வரும்போது விளக்கைப் போட்டு அணைத்துப் போட்டுவிட்டு வருகிறார், பட்டப்பகலிலும். வயதானால் மனிதர்கள் இப்படி ஏதாவது செய்வார்கள்.

ஜூலை 11

மதுரைக்குப் போய் வழக்கறிஞரைப் பார்த்தோம். வைரவன் என்று பெயர். கஸ்பாரோடு துறைமுகத்தில் வேலை பார்த்தவருக்கு ஏதோ வழக்கில் ஜெயித்துக் கொடுத்தவராம். திறமைசாலி என்கிறார்கள். எனக்கு அவருடைய மீசை பிடிக்கவில்லை. மேலுதட்டையும் தாண்டித் தொங்குகிறது. மனிதனுக்கு எதற்கு அவ்வளவு பெரிய மீசை?

அவர் பேசினார், கஸ்பார் தலையாட்டினார். கஸ்பார் ஆட்டியபோதெல்லாம் நானும் ஆட்டினேன். மின்விசிறி வேறு கடகடவென்று ஓடியிருக்க வேண்டும்.

வீட்டுக்கு வந்ததும் கஸ்பார் என்னை உட்காரவைத்து முழுவதையும் நிதானமாகத் திரும்பச் சொன்னார். நான் பொய் சொல்லி வாங்கிய பணம் இல்லை, துறையே தன் தவறால் கொடுத்தது. என்னைப் போன்ற சின்னப் பணியாளரிடமிருந்து, அதுவும் ஓய்வு பெறும் நேரத்தில், அதைப் பிடிப்பதை நீதிமன்றங்கள் முன்பே தடுத்திருக்கின்றன. பிடிப்பதற்கு முன்னால் என்னிடம் ஒரு வார்த்தை விளக்கம் கேட்டிருக்கவும் வேண்டும். கேட்கவில்லை.

“அதுதான் நம்ம பிடின்னாரு வக்கீலு. ஒன்கிட்ட ஒரு வார்த்த கேக்கலல்லா?”

“கேக்கல” என்றேன்.

ஆகஸ்ட் 3

நீதிமன்றத்தில் எங்கள் மனுவை எடுத்துக்கொண்டார்கள். துறையைப் பதில் சொல்லச் சொல்லி நோட்டீஸ் போயிருக்கிறது.

இரண்டு சேலைக்குக் கஞ்சி போட்டேன்.

ஆகஸ்ட் 20

ரெஜினா கோயம்புத்தூரிலிருந்து போன் செய்தாள். வழக்கம்போலப் போனை அவள் அப்பாவிடம் கொடுத்துவிட்டுக் கொல்லைப்புறம் போனேன். முருங்கைக் கீரை பறிக்க வேண்டியிருந்தது. திரும்பி வந்தபோது கஸ்பார் போனை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

“பிள்ள அழுதா.”

“எதுக்கு?”

“அம்மாவுக்கு எம்மேல என்ன கோவம், பேசவே மாட்டேங்காளேன்னு.”

கோபமா? அவள் மேல் எனக்கென்ன கோபம்? கீரை ஆய வேண்டியிருந்தது, அவ்வளவுதான். நிறைய இருந்தது. ஒவ்வொரு இலையாக உருவிக்கொண்டே இருந்தேன், இருட்டும்வரை.

செப்டம்பர் 9

இன்று மதியம் இரைச்சலுக்குள் குரல்கள் வந்தன.

கனவில்லை என்று நினைக்கிறேன். கண் திறந்துதான் இருந்தது, கொடியில் காயும் துண்டு காற்றில் அசைவது தெரிந்தது. முதலில் அலை போல ஒரு சீறல், பிறகு அதற்குள்ளிருந்து ஒருவர், பிறகு பலர். கொம்புத்தீவுக்குத் தெற்கே நிற்கிறோம். டீசல் பத்தாது. தம்பிக்குக் காய்ச்சல். அங்க மழை உண்டா? எல்லாம் பழைய குரல்கள். அந்த ஆட்களில் சிலர் இப்போது உயிரோடு இல்லை. நான் பதில் சொல்லவில்லை. கேட்டுக்கொண்டே படுத்திருந்தேன், எவ்வளவு சுகமாக இருந்தது!

ஒரு புயல் காலையை நினைத்துக்கொண்டேன். விடிந்தும் விடியாத நேரம். நிலையத்தில் இருந்த எல்லோரும் செட்டைச் சுற்றி நின்றார்கள். வெறும் இரைச்சல்தான் என்றார்கள். எனக்கு மட்டும் அதற்கு அடியில் ஒரு ஆளின் குரல் கேட்டது. ‘தண்ணி ஏறுது’ என்று ஒருவன் சொல்லிக்கொண்டே இருந்தான். ஹெட்போனைக் காதோடு அழுத்திப் பிடித்து, அவன் சொன்னதைத் துண்டு துண்டாகப் பொறுக்கி இடத்தைக் கண்டுபிடித்துக் கொடுத்தேன். படகு போச்சு, ஆட்கள் பிழைத்தார்கள். ஒரு வாரம் கழித்து நிலையத்துக்கு அவர்களில் ஒருவர் ஒரு பெரிய சீலா மீனோடு வந்து, வாசலில் நின்று என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தார். “பேசுங்க தாயி, நீங்கதானான்னு பாக்கேன்” என்றார். நான் பேசினேன். அழுதுவிட்டார்.

அப்போது துறையில் யார் அறைக்குப் போனாலும், “மெற்றில்டாவுக்குப் பாம்புக் காது” என்பார்கள்.

செப்டம்பர் 10

நேற்று எழுதியதைப் படித்தேன். ஏன் எழுதினேன் என்று தெரியவில்லை.

அக்டோபர் 17

துறை பதில் மனு போட்டுவிட்டது, உடனே வாருங்கள் என்று வைரவன் சொன்னதாகக் கஸ்பார் சொன்னார். நாளை மதுரை.

அக்டோபர் 18

எழுதத்தான் வேண்டும். எழுதாவிட்டால் நாளைக்கு இதையும் வேறு மாதிரி நினைத்துக்கொள்வேன்.

வைரவன் பதில் மனுவின் ஒரு பத்தியை விரலால் காட்டினார். நான் படித்தேன். ‘பிடித்தம் குறித்து மனுதாரருக்கு ஜூன் 15 அன்று தொலைபேசி வாயிலாக விளக்கப்பட்டது. மனுதாரர் தமக்கு ஆட்சேபணை இல்லை என்று முழு மனதுடன் சம்மதம் தெரிவித்தார். உரையாடலின் ஒலிப்பதிவு இணைக்கப்பட்டுள்ளது.’

வைரவன் தன் செல்போனை மேசையின் நடுவில் வைத்து எதையோ அழுத்தினார். கஸ்பார் முன்னால் குனிந்தார். வைரவன் மோட்டுவளையைப் பார்த்தார். நான் செல்போனைப் பார்த்தேன். அதன் கண்ணாடியில் ஒரு பச்சைக் கோடு குட்டி குட்டி அலைகளாக ஏறி இறங்கியது, பிறகு நீண்டு படுத்தது, மறுபடி ஏறியது.

அது பேசிக்கொண்டிருக்கிறது என்று தெரிந்தது. அவ்வளவுதான் தெரிந்தது.

பிறகு நான் கஸ்பாரின் முகத்தைப் பார்க்க ஆரம்பித்தேன். இத்தனை வருடத்தில் அந்த முகம் எனக்குப் பாடம். முதலில் கவனம். பிறகு ஒரு திடுக்கிடல், என் குரல் வந்திருக்க வேண்டும். பிறகு அவர் கண்ணை மூடிக்கொண்டார். மூடிய கண்ணோடு தலையை மெதுவாக இடமும் வலமும் அசைத்தார்.

கோடு நின்றது. வைரவன் என்னைப் பார்த்து ஏதோ கேட்டார். மீசைதான் அசைந்தது. நான் வழக்கம்போல, “ஆமாங்க” என்றேன்.

அறை அப்படியே நின்றது. கஸ்பார் தன் நாற்காலியை என் பக்கம் திருப்பிப் போட்டு, முகத்துக்கு நேரே முகம் வைத்து, வாயை நன்றாகத் திறந்து பேசினார்.

“அவன் ஒன்கிட்ட, ‘அக்கா, கூடுதலா போன தொகையப் பணிக்கொடையில புடிச்சிட்டு மீதிய அனுப்பிருதோம், ஒங்களுக்குச் சம்மதமா’ன்னு ரெண்டு தடவ கேட்டிருக்கான். நீ, ‘சரிப்பா, சரிப்பா, ரொம்ப சந்தோசம், உன் புண்ணியம்’னு சொல்லிருக்க.”

எனக்குச் சிரிப்பு வந்தது. ஏன் என்று தெரியவில்லை. சிரித்தேன். வேறு யாரும் சிரிக்கவில்லை.

திரும்பும்போது பேருந்தில் ஜன்னல் ஓரம் உட்கார்ந்தேன். வயல், பனை, உப்பளம் என எல்லாம் சத்தமில்லாமல் பின்னால் போய்க்கொண்டிருந்தன, தண்ணீருக்கு அடியிலிருந்து பார்ப்பது போல.

அக்டோபர் 19

காலையில் கேட்டேன்: “எப்ப இருந்து தெரியும்?”

“ரெண்டு வருசமா.”

“ஏன் சொல்லல?”

“நீ சொல்லுவேன்னு இருந்தேன்.” தன் காதைத் தொட்டுக் காட்டிச் சொன்னார்: “ஒனக்குக் காதுன்னா அது வெறும் காதாட்டி? நான் எப்பிடிச் சொல்லுவேன்?”

அந்த விளக்கு விஷயம் இப்போது புரிகிறது. திடீரென்று பக்கத்தில் வந்து நின்றால் நான் பயந்துவிடுவேன் என்று, வரும்போதே எனக்குத் தெரிவித்துக்கொண்டு வந்திருக்கிறார்.

நாள் முழுக்க அவரோடு பேசவில்லை. அது என் கோபம் என்றுதான் நினைத்தேன்.

அக்டோபர் 22

கடைசி வருடங்களை நினைத்துப் பார்க்கிறேன். எல்லாப் படகிலும் செல்போன் வந்துவிட்டது. செட் பெரும்பாலும் சும்மா இருந்தது. கூப்பிட ஆள் இல்லாத செட்டின் முன்னால் ஹெட்போனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். எல்லோரும், “இப்ப எவன் வயர்லெஸ்ஸுல பேசுதான்” என்றார்கள். நானும் அப்படித்தான் நினைத்தேன். உள்ளே அமைதியானதா, வெளியே அமைதியானதா, எது முதலில் என்று எனக்கே தெரியாது. இரண்டும் சேர்ந்து மெல்ல வந்தன, பனி இறங்குவது போல. பனிக்குள் நிற்பவளுக்கு அது பனி என்று தெரிவதில்லை.

நவம்பர் 6

வைரவன் மறுபடி வரச் சொன்னார். இந்த முறை நான் சொல்லிவிட்டேன்: “எழுதிக் காட்டுங்க. ஒங்க மீசையில எனக்கு ஒண்ணும் தெரியல.” அவர் மீசையைத் தடவிப் பார்த்துக்கொண்டார்.

எழுதிக் காட்டினார். மூன்று வழி இருக்கிறதாம். அந்தக் குரல் என்னுடையது இல்லை என்று சொல்லலாம். அல்லது, அது என் குரல்தான், ஆனால் பதிவு செய்வதற்கு முன்னால் ஜெபமணி என்னை மிரட்டினான் என்று சொல்லலாம். அதற்கு எதிர்சாட்சி கிடையாது. அல்லது, உண்மையைச் சொல்லலாம். மருத்துவச் சான்றிதழோடு.

மூன்றாவதற்குக் கீழே மட்டும் இன்னொரு வரி எழுதினார். ‘பணியில் இருந்தபோதே காது கேட்கவில்லையா என்று அவர்கள் கேட்பார்கள். கஷ்டமாக இருக்கும்.’

“ரெண்டாவது லேசான வழின்னு சொல்லுதாரு” என்றார் கஸ்பார், தரையைப் பார்த்துக்கொண்டு. பிறகு நிமிர்ந்து எனக்குத் தெரியும்படி மறுபடி சொன்னார்.

“ஜெபமணிக்கு என்ன ஆகும்?”

வைரவன் தோளைக் குலுக்கினார். அது எழுதிக் காட்டாமலே புரிந்தது. விசாரணை, இடைநீக்கம். அவனுக்கு இரண்டு பெண் குழந்தைகள்.

யோசித்துச் சொல்கிறேன் என்று வந்துவிட்டேன்.

நவம்பர் 7

முதல் வழி. குரல் என்னுடையது இல்லை. புயலில் பிழைத்தவர், பேசச் சொல்லிக் கேட்டு அழுதாரே, அந்தக் குரலையா என்னுடையது இல்லை என்பேன்?

நவம்பர் 8

நெத்திலி காயப் போட்டேன். காகம் ஒன்று வாயைத் திறந்து திறந்து மூடியது. கத்துகிறது போலும்.

நவம்பர் 9

கஸ்பாரிடம் சொன்னேன்: “மூணாவது.”

அவர் இட்லியில் இன்னொன்றை எடுத்து என் தட்டில் வைத்தார்.

டிசம்பர் 4

காது பரிசோதனை. ஒரு சின்னப் பெட்டி போன்ற அறை, சுவரெல்லாம் பஞ்சு. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் மருத்துவர், இளம் பெண். எனக்கு ஹெட்போன் மாட்டினார்கள். சத்தம் கேட்கும்போதெல்லாம் பொத்தானை அழுத்த வேண்டும்.

ஹெட்போன் தலையில் ஏறியதும் முதுகு தானாக நிமிர்ந்தது. இடது கை தானாகக் குறிப்பேட்டைத் தேடியது. கண்ணை மூடினேன். காத்திருப்பது எப்படி என்று எனக்குத் தெரியும், வாழ்நாளெல்லாம் அதைத்தான் செய்தேன்.

இரைச்சல் வந்தது. எனக்குள்ளே எப்போதும் இருக்கும் அதே இரைச்சல். அதற்கு அடியில் தேடினேன். ஒவ்வொரு மடிப்பையும் விலக்கி விலக்கித் தேடினேன். எங்கோ ஆழத்தில் ஒரு விசில் மாதிரி ஒன்று மினுங்கியது. அழுத்தினேன். பிறகு நீண்ட நேரம் ஒன்றுமில்லை. அப்புறம் இன்னொன்று, அது இருந்ததா, நான் விரும்பினேனா, தெரியாது. அழுத்தவில்லை. இல்லாததை இருக்கிறது என்று பதிவு செய்யக் கூடாது, அது முதல் நாள் பாடம்.

கண்ணைத் திறந்தபோது மருத்துவர் கண்ணாடிக்குப் பின்னால் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். வெளியே வந்ததும் என் எதிரில் உட்கார்ந்து மெதுவாகப் பேசினார். நல்ல பெண், உதடு தெளிவாக அசைகிறது.

“என்ன வேலம்மா பாத்தீங்க?”

சொன்னேன்.

“ஹெட்போன்ல ரொம்ப வருஷம் இரைச்சலைக் கேட்டிருக்கீங்க. உள்நரம்பு தேஞ்சிருச்சு. மறுபடி வராது. கருவி வச்சா ஓரளவு உதவும்.” பிறகு கேட்டார்: “உள்ள ஏதாவது சத்தம் கேட்டுக்கிட்டே இருக்குமே?”

“கடல் மாதிரி இருக்கும்” என்றேன்.

“அது கடல் இல்லம்மா.”

தெரியும் என்று சொன்னேன்.

டிசம்பர் 5

ரெஜினாவுக்கு எழுதினேன். போனில், செய்தியாக. கோபமில்லை, கேட்கவில்லை, அவ்வளவுதான் என்று. பத்து நிமிடம் ஆனது. பிறகு கஸ்பாரின் போன் வெளிச்சமடித்தது. படத்தோடு கூப்பிட்டிருந்தாள். என் பெண்ணின் முகம், இவ்வளவு பக்கத்தில். அழுதுகொண்டே, ஒவ்வொரு வார்த்தையையும் சின்னப் பிள்ளைக்கு ஊட்டுவது போல விட்டு விட்டுச் சொன்னாள்.

“அம்மா. சாப்ட்டியா?”

ஜனவரி 22

பிரமாணப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டேன். ‘எனக்கு இரு காதுகளிலும் கேட்கும் திறன் வெகுவாகக் குறைந்துள்ளது’ என்று ஆரம்பிக்கிறது.

பொங்கலுக்கு வாங்கிய கரும்பு இன்னும் மூலையில் இருக்கிறது.

மார்ச் 14

வழக்கு இன்று வாதத்துக்கு வந்தது.

நீதிமன்றம் எனக்கு ஒரு கனவு போலத்தான் இருந்தது. உயரமான கூரை, கறுப்பு அங்கிகள், எல்லோருடைய வாயும் அசைகிறது, கைகள் காற்றை வெட்டுகின்றன, ஒரு சத்தமும் இல்லை. எனக்குள் அலை மட்டும் அடித்துக்கொண்டிருந்தது. பார்வையாளர் வரிசையில் கஸ்பாரோடு உட்கார்ந்திருந்தேன். ஜெபமணி எதிர்ப்பக்கத்தில் கோப்பு ஒன்றை நெஞ்சோடு அணைத்தபடி நின்றான். இளைத்திருந்தான். என்னைப் பார்க்கவில்லை.

திடீரென்று எல்லாத் தலைகளும் என் பக்கம் திரும்பின. கஸ்பார் என் முழங்கையைத் தொட்டார். எழுந்து நின்றேன். வைரவன் என்னருகே வந்து நேராக நின்றார். அப்போதுதான் கவனித்தேன், மீசையைக் கத்தரித்திருந்தார். மேலுதடு வெளுத்துப்போய்ப் புதிதாக இருந்தது.

“நீதிபதி ஐயா கேக்குறார். பதிவுல இருக்கிறது உங்க குரல்தானா?”

பேசினேன். எவ்வளவு சத்தமாகப் பேசினேன் என்று தெரியாது, முன்வரிசையில் ஒருவர் தோளைக் குறுக்கிக்கொண்டார்.

“என் குரல்தான் ஐயா. ஜெபமணி மேல தப்பில்ல. அவன் ரெண்டு தடவ கேட்டிருக்கான். எனக்குக் கேக்கல. கேக்கலன்னு சொல்ல வெக்கமா இருந்துச்சு. அதனால சரின்னு சொன்னேன். ரெண்டு வருசமா எல்லார்கிட்டயும் சரின்னுதான் சொல்லிட்டிருக்கேன்.”

உட்கார்ந்துவிட்டேன்.  கஸ்பார் என் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார், அத்தனை பேர் முன்னால்.

பிறகு நடந்ததை வெளியே டீக்கடையில் அவர் சொன்னார். அரசு வழக்கறிஞர் எழுந்து, காது கேட்காதவர் வயர்லெஸ்ஸில் எப்படி வேலை பார்த்தார் என்று கேட்டாராம். அதற்கு நீதிபதி, “அந்தக் கேள்விய அவங்க வேலையில இருந்தப்ப நீங்க கேட்டிருக்கணும். பணிக்காலத்துல ஒரு தடவையாவது அவங்க காதைச் சோதிச்சீங்களா?” என்றாராம். அரசு வழக்கறிஞர் தாள்களைப் புரட்டினாராம். நீதிபதி தீர்ப்பைத் தள்ளிவைத்திருக்கிறார்.

தாழ்வாரத்தில் ஜெபமணி வந்து என் முன்னால் நின்றான். குனிந்தபடி நீளமாக ஏதோ சொன்னான். முகம் தெரியவில்லை, அதனால் ஒன்றும் புரியவில்லை. அவன் கையைப் பிடித்துக்கொண்டு, “சரிப்பா, சரிப்பா” என்றேன். அவன் போன பிறகு கஸ்பார் சிரித்தார்.

“என்ன சொன்னான்?”

“மன்னிப்பு கேட்டாம்ட்டி. ஒன்ன நல்லா தெரிஞ்சவனா இருந்தும் கவனிக்காமப் போயிட்டேனேன்னு.”

ஆக, மறுபடியும் கேட்காமலே சம்மதம் கொடுத்திருக்கிறேன். இதைத் திரும்பப் பெற வேண்டியதில்லை.

மார்ச் 30

வெயில். கடல் வெள்ளைத் தகடு மாதிரி கிடக்கிறது. ஒன்றும் செய்யவில்லை. ஒன்றும் செய்யாமலிருப்பது நன்றாக வருகிறது இப்போது.

ஏப்ரல் 8

சந்தையில் மீன்காரியிடம், “எனக்குக் காது கேக்காது, விரல்ல காட்டு” என்றேன். விரலில் காட்டினாள். இத்தனை மாதமாக என்னிடம் கொஞ்சம் கூடுதலாகவே வாங்கியிருக்கிறாள் போலிருக்கிறது. அவளுக்கும் அது தெரிந்து, ஒரு கைப்பிடி நெத்திலியை மேலே அள்ளிப் போட்டாள்.

ஏப்ரல் 24

கொல்லைப்புறக் குழாயடியில் பாறை மீனுக்குச் செதில் எடுத்துக்கொண்டிருந்தேன். ஒரு நிழல் விழுந்தது. நிமிர்ந்தால் கஸ்பார். கையில் போன், முகத்தில் நான் இதுவரை படித்திராத ஒரு பாடம். குனிந்து குழாயை அடைத்தார். ஈரக் கல்லில் என் எதிரே மெல்ல உட்கார்ந்தார், முட்டியைப் பிடித்துக்கொண்டு, ஒவ்வொரு அங்குலமாக.

“வைரவன் பேசுனாரு.”

காத்திருந்தேன்.

“பிடித்தம் செல்லாதுன்னுட்டாரு நீதிபதி. புடிச்ச பூராவையும் வட்டியோட திருப்பிக் குடுக்கணுமாம். போன்ல சரின்னு சொன்னதெல்லாம் சம்மதம் ஆகாது, கேட்டுப் புரிஞ்சு சொன்னாத்தான் சம்மதம்னு எழுதியிருக்காராம்.” மூச்சு வாங்கினார். “ஆனா ஒண்ணு. சம்பள நிர்ணயம் தப்புன்னா தப்புதானாம். இனிமே வார பென்சன்ல கொஞ்சம் குறைச்சுக்கிடலாமாம். குடுத்ததத் திரும்பக் கேக்கக் கூடாது, குடுக்கப் போறதத் திருத்திக்கிடலாம்னு.”

அது நியாயம்தான் என்று பட்டது. பெரிய கூச்சலெதுவும் எனக்குள் எழவில்லை. உள்ளே இரைச்சல் தன்பாட்டுக்கு அடித்துக்கொண்டிருந்தது. வேலிக்கு அந்தப்பக்கம் யார் வீட்டுப் பூனையோ மீன் தலைக்காகக் காத்து உட்கார்ந்திருந்தது. கஸ்பாரின் நெற்றியில் வியர்வை. நெருங்கிப் பார்க்கும்போது எவ்வளவு அழகாகப் பேசுகிறார், ஒவ்வொரு சொல்லுக்கும் அந்த உதடு எவ்வளவு பாடுபடுகிறது! முதல் தடவையிலேயே எனக்கு எல்லாம் புரிந்துவிட்டது, ஒரு எழுத்து விடாமல்.

“என்ன?” என்றேன். “எனக்குக் கேக்கல. திரும்பச் சொல்லுங்க.”

அவர் இன்னும் கொஞ்சம் நகர்ந்து உட்கார்ந்து, முதலிலிருந்து ஆரம்பித்தார்.